கதைசொல்லி எங்கே நிற்கிறான்

அயர்லாந்தின் மேற்குக் கரைக்கு அப்பால், அட்லாண்டிக் கடலில், அரன் தீவுகள் என்று மூன்று சிறு தீவுகள் இருக்கின்றன. சுண்ணாம்புப் பாறைதான் தரை. பாறைமேல் மணலையும் கடற்பாசியையும் கொட்டிக் கொட்டி மண் உண்டாக்கி, அதில் உருளைக்கிழங்கு போட்டுப் பிழைத்தவர்கள் அந்தத் தீவுக்காரர்கள். 1898 மே மாதம் ஜான் மில்லிங்டன் சிங் அங்கே போய் இறங்கினார். 27 வயது, டப்ளின் பக்கத்து வசதியான புராட்டஸ்டண்ட் குடும்பம், பாரிசில் இருந்துகொண்டு இலக்கியக் கட்டுரைகள் எழுதிப் பேர் வாங்க முயன்றவர். அங்கே அவரைச் சந்தித்த கவிஞர் யேட்ஸ்தான் அரனுக்குப் போகச் சொன்னார். 1902 வரை ஐந்து தடவை போய்வந்தார் சிங். அந்தப் பயணங்களிலிருந்து பிறந்த ‘ரைடர்ஸ் டு தி ஸீ’ 1904இல் மேடையேறியது. கணவனையும் மாமனாரையும் ஆறு மகன்களையும் கடலுக்குக் கொடுத்துவிட்டு நிற்கும் மோரியா கிழவியின் நாடகம் அது. மூழ்கிப்போன அண்ணனை, அவன் காலுறையில் தான் விட்டுப்போன பின்னல் கண்ணிகளை எண்ணிப் பார்த்து அடையாளம் காண்கிறாள் தங்கை நோரா. நம் கல்லூரிகளில் ஆங்கில இலக்கியம் படித்தவர்கள் பலருக்கு இது பாடம். தொலைதூரத் தீவு, நாகரிகம் தொடாத மனிதர்கள், அவர்களுடைய சோகம், அதிலிருந்து எழுந்த நாடகம் என்று வகுப்பில் சொல்லிக் கொடுப்பார்கள். இந்த விளக்கத்தில் பாதிதான் உண்மை. தீவு கதையைத் தந்தது, சிங் அதை நாடகமாக்கினார் என்று நிறுத்திக்கொண்டால் முக்கியமான ஒன்று நழுவிவிடுகிறது. கதையைச் சொல்பவன் அந்தக் கதைக்குள் எங்கே நிற்க வேண்டும் என்கிற அறிவைத்தான் அரன் அவருக்குக் கொடுத்தது. அதே அறிவு தொண்டைமண்டலத்துப் பாரதக் கூத்தில் நெடுங்காலமாக இருந்துவருகிறது. நம் நவீன நாடகம் கூத்திலிருந்து எவ்வளவோ எடுத்துக்கொண்டது. இதை மட்டும் போதிய அளவு எடுத்துக்கொள்ளவில்லை என்பது என் கட்சி.

சான்றுக்கு சிங்கின் புத்தகமே போதும். 1907இல் வெளிவந்த ‘அரன் தீவுகள்’ நூலில் பாட் டிரேன் என்கிற முதியவர் வருகிறார். இனிஷ்மான் தீவின் கதைசொல்லி. அவர் சொன்ன கதைகளில் ஒன்று, பொய்யாகச் செத்துக் கிடந்த கணவனைப் பற்றியது. ஊரறிந்த பழைய கதை. பல தேசங்களில் பல உருவில் உலவுவது. ஆனால் பாட் அதைத் தனக்கே நடந்ததாகச் சொல்கிறார். கால்வேயிலிருந்து டப்ளினுக்கு நடந்து போகிறார், இருட்டிவிடுகிறது, ஒரு வீட்டில் ஒதுங்குகிறார். உள்ளே பிணம் கிடக்கிறது. வீட்டுக்காரி அவரைக் காவல் வைத்துவிட்டு, அக்கம்பக்கத்தில் சொல்லி வருகிறேன் என்று வெளியே போகிறாள். அவர் புகைக்குழாயைப் பற்றவைத்துக்கொண்டு, நாற்காலி முதுகில் கை வைத்தபடி பிணத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். இந்த இடத்தில் கதையை ஒரு கணம் நிறுத்தி, எதிரே கதை கேட்டுக்கொண்டிருக்கும் சிங்கைக் காட்டி, இதோ நீங்கள் இப்போது உட்கார்ந்திருக்கும் மாதிரிதான் நானும் உட்கார்ந்திருந்தேன் என்கிறார். கூடவே கடவுள் உங்களைக் காப்பாற்றட்டும் என்று ஒரு வாழ்த்து. மறுகணம் பிணம் கண்ணைத் திறக்கிறது. இத்தகைய கதைகளைப் பாட் எப்போதும் தன்மையில்தான் சொல்வார், நேரில் இருந்ததை நிரூபிப்பதுபோலச் சின்னச் சின்ன விவரங்களை அடுக்குவார் என்று சிங் குறித்து வைத்திருக்கிறார். என் பார்வையில் சிங் நாடகாசிரியர் ஆனது இந்த இடத்தில்தான். கேட்பவனின் உட்காரும் தோரணையைக்கூடக் கதைசொல்லி விடவில்லை. அதையும் பிடுங்கிக் கதைக்குள் வைத்துவிட்டார். கேட்டுக்கொண்டிருந்தவன் பிணத்துக்கு எதிரே உட்கார்ந்திருப்பவனாகிறான், அதாவது சாட்சியாகிறான்.

1903இல் சிங் இதே கதையை ‘இன் தி ஷேடோ ஆஃப் தி கிளென்’ என்ற நாடகமாக்கியபோது அந்தச் சாட்சியை விட்டுவிடவில்லை. நாடோடி ஒருவனாக மேடையில் நிறுத்தினார். பாட் சொன்ன கதையில் கணவன் எழுந்து, மனைவியோடு வந்த இளைஞன்மேல் தடியை இறக்குகிறான், ரத்தம் தெறிக்கிறது, அத்தோடு கதை முடிந்துவிடுகிறது. பார்த்தவன் என்ன செய்தான் என்று பாட் சொல்வதில்லை. வாய்மொழிக் கதையில் சாட்சிக்குப் பார்த்ததைச் சொல்கிற கடமையோடு வேலை தீர்ந்தது. நாடகத்தில் அப்படித் தீர்வதில்லை. கணவன் தன் மனைவி நோராவை வீட்டைவிட்டு விரட்டும்போது, அவள் நம்பியிருந்த இளைஞன் பின்வாங்குகிறான். ஒதுங்க வந்த நாடோடிதான் அவளைக் கூட்டிக்கொண்டு மழைக்குள் இறங்குகிறான். பார்த்தவன் பார்த்தவனாகவே இருந்துவிட முடியாமல் போகும் அந்த நொடியில் கதை நாடகமாகிறது. சிங்கின் மொழியைப் பற்றி, ஐரிஷ் வாக்கிய அமைப்பில் அவர் எழுதிய ஆங்கிலத்தைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறார்கள். மொழி பெரிய விஷயம்தான். ஆனாலும் மொழியை மட்டும் எடுத்துக்கொண்டு சாட்சியை விட்டிருந்தால் அவருக்கு மிஞ்சியிருப்பது நாட்டார் கதைத் தொகுப்பு ஒன்றுதான்.

செங்கல்பட்டு, காஞ்சிபுரம், செய்யாறு, வந்தவாசி, செஞ்சி என்று விரியும் வட தமிழ்நாட்டில் திரௌபதி அம்மன் கோயில்கள் ஏராளம். பங்குனி சித்திரை தொடங்கி ஆடி வரை பாரதத் திருவிழா நடக்கும். ஊரின் வசதிக்கேற்ப 10 நாள், 18 நாள், 20 நாள். இந்த விழாவில் கதையும் நாடகமும் ஒரே பொருளை ஒரே நாளில் இரண்டு தடவை எடுத்துக்கொள்கின்றன. பிற்பகலில் பந்தலில் பாரதப் பிரசங்கம். பிரசங்கியார் வில்லிபுத்தூரார் பாடலை இழுத்துப் பாடுவார், பொருள் சொல்வார், கிளைக்கதைக்குள் போவார், ஊர்ப்பேச்சுக்கு இறங்கி வருவார். ஆர்மோனியமும் மிருதங்கமும் துணைக்கு இருக்கும். இரவு பத்துக்கு மேல் அதே பகுதி கூத்தாக வந்து பொழுது விடியும்வரை நடக்கும். சூது துகிலுரிதலைப் பகலில் கேட்டவர்கள்தான் இரவில் அதைப் பார்க்க உட்காருகிறார்கள். கதை தெரிந்தவர்களுக்கு அதே கதையை மறுபடி எதற்குக் காட்ட வேண்டும்? தெரிந்ததனால்தான். என்ன நடக்கும் என்கிற கேள்வி பகலோடு ஒழிந்துவிடுகிறது. இரவுக்கு மிஞ்சுவது, அது நடக்கையில் நாம் எங்கே இருந்தோம் என்கிற கேள்வி. சிங் ஐந்து பயணங்களில் தனி மனிதராகத் தேடிக் கண்டுபிடித்ததை ஓர் ஊர் சேர்ந்து விழாவாக நடத்திக்கொண்டிருக்கிறது என்று சொல்வதில் எனக்குத் தயக்கம் இல்லை.

ஊரைக் கதைக்குள் இழுக்கும் வேலை மேடையோடு நிற்பதும் இல்லை. பகாசுரன் வதத்தன்று பீமன் வேடக்காரர் சோற்று வண்டியில் ஏறித் தெருத்தெருவாக வருவார். வீட்டுக்காரர்கள் கொடுக்கும் பண்டமும் பழமும் வண்டியில் சேரும். பீமன் தின்றுகொண்டே வருவார். பிள்ளைகள் வண்டிக்குப் பின்னால் ஓடுவார்கள். சோறு கொடுத்த வீடு அன்றைக்கு ஏகசக்கர நகரத்து வீடு. அர்ச்சுனன் தபசில் பனைபோல் உயர்ந்த மரத்தில் வேடக்காரர் பாட்டுப் பாடியபடி ஏறுவார். மேலிருந்து எலுமிச்சம்பழமும் வில்வமும் விபூதியும் விழும். பிள்ளை வரம் வேண்டும் பெண்கள் கீழே மடியேந்திக் காத்திருப்பார்கள். அர்ச்சுனன் கேட்பது பாசுபதம், அவர்கள் கேட்பது பிள்ளை. ஒரே தவத்தில் இரண்டு வேண்டுதல்களும் ஏறுகின்றன.

கூத்துக்குள் இந்த வேலையைச் செய்பவன் கட்டியக்காரன். இருவர் பிடித்த திரைக்குப் பின்னால் துரியோதனன் வந்து நிற்பான். திரைக்கு மேலே கிரீடத்தின் நுனி மட்டும் தெரியும், முகவீணை வீறிடும், சலங்கைச் சத்தம் கேட்கும். கட்டியக்காரன் போய், நீ யார், எந்த ஊர், எதற்கு வந்தாய் என்று கேட்பான். மன்னாதி மன்னன் தன்னை விளக்கிப் பாட வேண்டியதாகிறது. கட்டியக்காரன் அரண்மனைச் சேவகன். அதேசமயம் இந்த ஊர்க்காரனும்கூட. ஊர்த் தலைவரைச் சீண்டுவான், ஏரி வறண்டதைச் சொல்வான், முன்வரிசையில் தூங்குபவனை எழுப்பிவிடுவான். பாட் டிரேன் கதையை நிறுத்திவிட்டு எதிரே இருந்தவரின் கையைக் காட்டினாரே, அதை இரவு முழுவதும் செய்துகொண்டிருப்பவன் இவன். சிரிப்புக்காக வைத்த பாத்திரம் என்று இவனை ஒதுக்குவது பெரிய பிழை. துகிலுரிதல் வரும்போது அது தெரியும். துச்சாதனன் வேடம் கட்டியவர் சேலையில் கை வைப்பதற்கு முன் வேடத்தை விட்டு வெளியே வந்து, கற்பூரம் ஏற்றி, இது கதைக்காகச் செய்வது, அம்மா மன்னிக்க வேண்டும் என்று கும்பிடுவதை இந்தப் பக்கத்தில் காணலாம். அதுவரை சபையோரைக் கேலி பேசிய கட்டியக்காரனுக்கும் அப்போது பேச்சு கிடையாது. நடிப்பை நிறுத்திவிட்டு, இதைச் செய்யவும் பார்க்கவும் நமக்கு என்ன உரிமை என்று கேட்கும் இடம் அது. உலக நாடகத்தில் இதற்கு இணையான இடங்கள் அதிகம் இருக்க முடியாது.

இது சடங்கு, நாடகம் அல்ல. வேண்டுதலுக்கு வந்தவர்களைப் பார்வையாளர் என்று சொல்லலாமா என்று ஒருவர் கேட்கலாம். கேள்வி நியாயமானது. ஆனால் கூத்து கோயிலோடு கட்டுண்டு கிடக்கவில்லை. கர்ண மோட்சத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பாரத விழாவில் ஆடப்படும் அதே கூத்து, சாவு வீட்டில் கருமகாரியத்துக்கும் ஆடப்படுகிறது. அங்கே அம்மன் இல்லை, தீமிதி இல்லை. ஒரு குடும்பமும் அதன் துக்கமும் மட்டும். வியாசரிடம் இல்லாத பொன்னுருவி அதில் கர்ணனுக்கு மனைவியாக வருகிறாள். தேரோட்டி வளர்த்த பிள்ளை என்று அவனை இழித்துப் பேசுகிறாள். போருக்குப் புறப்படும் புருஷனுக்கும் அவளுக்கும் நடக்கும் வாக்குவாதத்தில் விடியற்காலம் வந்துவிடும். நேற்று வரை தன் வீட்டில் அப்பாவோடு சண்டை பிடித்து, இன்று அவருக்கு எள்ளும் தண்ணீரும் இறைத்த மகன் அந்தப் பேச்சை எப்படிக் கேட்பான்? சடங்கு அவனைக் கூட்டிவந்து உட்கார வைக்கிறது. அவனைச் சாட்சியாக்குவது நாடகம்தான்.

தொலைவில் இருப்பது தூய்மையானது, அதனால்தான் அதற்குச் சக்தி என்கிற எண்ணத்தையும் சொல்லிவிட வேண்டும். நான் சொல்வதும் அந்தப் பழைய மயக்கம்தானே என்று ஐயுற இடம் உண்டு. பாட் டிரேன் சொன்ன இன்னொரு கதையில் கடனுக்கு உடம்புச் சதையை ஈடு வைக்கும் ஒப்பந்தம் வருகிறது. ‘வெனிஸ் வணிகன்’ நினைவுக்கு வரும்; அது பழைய இத்தாலிய, லத்தீன் கதைகளோடு உறவுடையது என்று சிங்கே எழுதுகிறார். எட்டாத தீவின் அடுப்பங்கரையில் ஐரோப்பா முழுவதும் வந்து உட்கார்ந்திருந்தது. நம் கூத்திலும் அப்படியே. ஆர்மோனியம் வந்தது, கம்பெனி நாடக மெட்டு வந்தது, சினிமாப் பாட்டு வந்தது, மைக்கும் குழல் விளக்கும் வந்தன. சென்னையின் புறநகரான காட்டாங்குளத்தூரைச் சுற்றியுள்ள நிலத்தைப் பாருங்கள். தாம்பரத்திலிருந்து செங்கல்பட்டுக்கு ஓடும் மின்சார ரயில், ஜி.எஸ்.டி. சாலை, பல்கலைக்கழகம், மறைமலை நகர்த் தொழிற்பேட்டை, ஏரிக்கரை வரை வந்துவிட்ட மனைப்பிரிவுகள். தீவு என்று எதையும் இங்கே காட்ட முடியாது. ஆனால் கூத்து நடக்கும் மண் இங்கிருந்து ஒரு பஸ் தூரம். இனிஷ்மானுக்குப் போக சிங் கால்வேயிலிருந்து கப்பல் ஏறினார், பிறகு கித்தான் போர்த்திய படகில் அலைமேல் போனார். அந்தத் தொலைவு அவருக்குச் செய்த நன்மை ஒன்றே: திரும்பிப் போக உடனே வழியில்லாததால் உட்கார்ந்து கேட்டார். உட்கார்ந்து கேட்பதற்குக் கடல் குறுக்கே இருக்க வேண்டும் என்பதில்லை. இரவு ஷிப்டுக்குப் போகிறவர்களும் விடியற்காலை ரயிலைப் பிடிக்க வேண்டியவர்களும் நிறைந்த இந்தப் புறநகரில் அது கடினம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். கடினம்தான், ஆனால் அது தூக்கத்தின் பிரச்சினை, தொலைவின் பிரச்சினை இல்லை.

நம் நாடகக்காரர்கள் போகாமல் இல்லை. ந. முத்துசாமி புரிசை கிராமத்துக் கூத்தைப் பார்த்துத் தன் நாடகப் பார்வையையே மாற்றிக்கொண்டார். அதைப் பற்றி எழுதிய கட்டுரைகள் ‘அன்று பூட்டிய வண்டி’ என்று நூலாயின. 1977இல் தொடங்கிய கூத்துப்பட்டறைக்குப் புரிசையின் கண்ணப்பத் தம்பிரான் ஆசானாக வந்தார். தமிழ் நடிகனுக்கு உடம்பு என்று ஒன்று இருப்பதை நினைவூட்டியது அந்த உறவு. இலங்கையில் 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் மட்டக்களப்புக் கூத்தை மேடைக்குக் கொண்டுவந்தார்; ‘இராவணேசன்’ அங்கே உருவானது; சி. மௌனகுரு அந்த மரபை வளர்த்தார். இரவு முழுவதும் ஆடும் கூத்து ஒன்றரை மணி அளவுக்குச் சுருங்கியது, வட்டக்களரி படச்சட்ட மேடையானது. படித்த தமிழர்கள் கூத்தைக் கலையாக ஏற்றதற்கு அந்த முயற்சி பெரிய காரணம். அதைக் குறைத்துப் பேச மாட்டேன். இருந்தாலும் ஆட்டத்தையும் தாளத்தையும் உடலையும் எடுத்துக்கொண்ட அளவுக்குச் சாட்சியை எடுத்துக்கொள்ளவில்லை. வட்டத்தில் மூன்று பக்கமும் நான்கு பக்கமும் இருந்த ஊர், சட்டத்துக்கு எதிரே இருட்டில் உட்கார்ந்த ரசிகராகிவிட்டது. இருட்டில் இருப்பவரை யாரும் கை நீட்டிக் காட்ட முடியாது. கட்டியக்காரன் நவீன மேடைக்கு வந்தபோதெல்லாம் அரசியல் கிண்டலுக்கே அதிகம் பயன்பட்டான். கிண்டல் செய்கிறவனுக்கு எதிராளி வெளியே எங்கோ இருக்கிறான். பழைய கட்டியக்காரனுக்கு எதிரே இருந்தவர்கள் நாம்.

புரிசைக் குழுவினர் இந்த விஷயத்தை நம்மைவிடத் தெளிவாகக் கண்டார்கள் என்று நினைக்கிறேன். கார்சியா மார்க்கேஸின் பெரிய சிறகுகள் கொண்ட முதியவர் கதையை அவர்கள் கூத்தாக ஆடினார்கள். வானத்திலிருந்து சேற்றில் விழுந்த கிழவனைக் கோழிக்கூண்டில் அடைத்து, காசு வாங்கிக்கொண்டு வேடிக்கை காட்டும் ஊரின் கதை. அதாவது பார்க்கிறவர்களைப் பற்றிய கதை. அயல்நாட்டுக் கதைகளில் கூத்துக்கு எது பொருந்தும் என்று தேர்ந்தவர்களின் கண் எங்கே விழுந்திருக்கிறது பாருங்கள். 2016இல் பாரிசின் தியேத்ர் து சொலேய் குழு அரியான் முனுஷ்கின் இயக்கத்தில் ‘இந்தியாவில் ஓர் அறை’ நாடகத்தை உருவாக்கியபோது புரிசைக் குழுவின் கண்ணப்ப சம்பந்தன்தான் அந்த நடிகர்களுக்குக் கூத்துப் பயிற்சி கொடுத்தார். பாரிசிலிருந்த ஒருவரை அரனுக்கு அனுப்பி 120 ஆண்டு ஆகும் வேளையில், ஒரு பாரிஸ் குழு புரிசையிடம் கற்றுக்கொண்டது.

மிகக் கடினமான மறுப்பு இனிமேல்தான். ஊர் சாட்சியாக நிற்கிறது என்கிறேனே, ஊர் என்றால் யார்? விழுப்புரம் மாவட்டம் மேல்பாதியில் தலித் மக்கள் உள்ளே வருவதைத் தடுத்ததால் எழுந்த மோதலில் திரௌபதி அம்மன் கோயில் 2023 ஜூனில் அதிகாரிகளால் சீல் வைக்கப்பட்டது. சபையில் ஒரு பெண்ணுக்கு நடந்த அவமானத்தைத் தெய்வமாக்கி வணங்கும் கோயில் அது. அதன் வாசலில் மனிதர்களை நிறுத்தி வைத்தார்கள். திரௌபதியின் வேடத்தையும் தலைமுறை தலைமுறையாக ஆண்களே கட்டினார்கள். இதற்குச் சமாதானம் சொல்லக் கூடாது. நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான்: பீஷ்மனும் துரோணனும் நிறைந்த சபையைப் பார்த்து, இங்கே தர்மம் தெரிந்தவர் யாரும் இல்லையா என்று திரௌபதி கேட்கிறாள், அந்தக் கேள்வியை விடிய விடியக் கேட்ட ஊரால், அது தன்னைக் கேட்கவில்லை என்று எந்த நியாயத்தைக் கொண்டும் சொல்ல முடியாது. கூத்தின் வடிவமே அதற்கு இடம் தரவில்லை. வடிவத்தைக் காட்டி ஊரைக் கண்டிக்கலாம். ஊரைக் காட்டி வடிவத்தைத் தள்ள வேண்டியதில்லை. காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் புஞ்சரசந்தாங்கலில் பெ. ராஜகோபாலும் ஹன்னா டி புருயினும் 2002 முதல் 2020 வரை நடத்திய கட்டைக்கூத்துக் குருகுலத்தில் பெண் பிள்ளைகளும் கட்டை கட்டினார்கள், துரியோதனனாகவும் ஆடினார்கள். அதனால் கூத்து கெட்டுப்போகவில்லை. இதுநாள்வரை சபைக்கு வெளியே இருந்தவர்கள் உள்ளே வந்து பேசினார்கள்.

சிங்கின் பெரிய நாடகமான ‘பிளேபாய் ஆஃப் தி வெஸ்டர்ன் வேர்ல்ட்’ அரன் முதியவர் ஒருவர் சொன்ன செய்தியிலிருந்து வந்தது: தகப்பனை மண்வெட்டியால் அடித்துக் கொன்றுவிட்டு ஓடிவந்தவனைத் தீவு மக்கள் ஒளித்து வைத்துக் காப்பாற்றினார்கள். நாடகத்தில் கிறிஸ்டி அந்தக் கதையைச் சொல்லச் சொல்ல ஊரே அவனைக் கொண்டாடுகிறது. மூன்றாம் அங்கத்தில் அதே அடியை ஊரார் கண்ணெதிரே அவன் அடிக்கும்போது அவர்களே கயிற்றை எடுத்துக்கொண்டு வருகிறார்கள். காதால் கேட்டது வேறு, கண்ணால் கண்டது வேறு. 1907 ஜனவரியில் டப்ளினின் அபே தியேட்டரில் கலவரம் நடந்து போலீஸ் வந்ததற்கு, அயர்லாந்துப் பெண்களை இழிவுபடுத்திய சொல் என்று காரணம் சொன்னார்கள். தங்களைச் சாட்சிக் கூண்டில் ஏற்றிவிட்ட கோபமும் அதில் இருந்தது என்பது என் எண்ணம். நம் பக்கத்தில் கேட்பதும் காண்பதும் சந்திப்பது, பாரத விழாவின் போர்க்களக் காட்சியான படுகளத்தன்று காலை. களிமண்ணால் பிரம்மாண்டமாகப் படுத்திருக்கிறான் துரியோதனன். இரவெல்லாம் ஆடிய பீமனும் துரியோதனனும் வேடம் கலையாமல் அந்த மண் உடம்பைச் சுற்றி ஓடுகிறார்கள். தொடை பிளக்கிறது, சிவப்பு நீர் கசிகிறது, பாஞ்சாலி கூந்தல் முடிகிறாள். வெற்றி முழக்கம் அடங்கும் முன்பே ஒப்பாரி எழுகிறது, அழப்படுகிறவன் துரியோதனன். பதினெட்டு நாளாக அவனை வைதுகொண்டிருந்த ஊர்தான் சுற்றி நிற்கிறது. பிறகு ஒவ்வொருவராகக் குனிந்து அந்த உடம்பிலிருந்து ஒரு பிடி மண்ணை எடுத்து முந்தானையில் முடிந்துகொள்கிறார்கள், துண்டில் கட்டிக்கொள்கிறார்கள். நெல் வைக்கும் இடத்தில் போடுவதற்கும் மாட்டுத் தொழுவத்தில் போடுவதற்கும் வீட்டுக்கு எடுத்துப் போகிறார்கள்.